கல்யாணப் படத்திலிருந்து இறங்கிப் போனவள்

கடலூர் செம்மண்டலம் கொளஞ்சியம்மாள் இறந்து, காரியம் முடிந்து, வாசல் பந்தலைப் பிரித்த அன்று சாயங்காலம் அவளுடைய முகம் எல்லோருக்கும் மறந்துபோனது. ஆளை மறக்கவில்லை. குரல் அப்படியே காதில் இருந்தது. இடது மணிக்கட்டில் எண்ணெய் தெறித்த தழும்பு, கொசுவத்தைத் தூக்கிச் செருகிக்கொண்டு நடக்கிற நடை, பச்சையும் மஞ்சளுமாகப் பின்னிய வயர் கூடை, அவள் வைக்கிற கத்தரிக்காய் காராமணிக் குழம்பின் வாசனை, எல்லாம் இருந்தன. முகம் மட்டும் இல்லை. நினைத்துப் பார்த்தால் அவள் முதுகைக் காட்டி நின்றாள், இல்லையென்றால் அடுப்பைப் பார்த்துக் குனிந்திருந்தாள். மகள் கயல்விழி தனக்கு மட்டும்தான் இப்படி ஆகிவிட்டது என்று நினைத்து, பெற்ற தாயின் முகம் மறந்தவள் என்று நாலு பேர் பேசுவார்களே என்று வாயைத் திறக்கவில்லை. கடலூர் பஸ் ஸ்டாண்டில் டைம் கீப்பராக இருந்து ஓய்வுபெற்ற அவள் அப்பா ராஜமாணிக்கமும் அதே பயத்தில் பேப்பரை நேரே பிடித்துக்கொண்டு, படிக்காமல் உட்கார்ந்திருந்தார். பிரேம் கடைக்காரர் வந்து, பெரிசு பண்ண ஒரு போட்டோ கேட்டார். வீட்டில் ஒரு போட்டோவும் இல்லை. சரி, ஆள் எப்படி இருப்பாங்கன்னு சொல்லுங்க, ஆர்ட்டிஸ்டை வைத்து வரைஞ்சிடலாம் என்று அவர் சொன்னபோதுதான் குட்டு வெளிப்பட்டது. இது நடந்தது 2006ஆம் வருடம், ஆவணிக் கடைசியில்.

பெண்ணாடத்தில் சர்க்கரை ஆலையில் வேலை பார்க்கும் கொளஞ்சியப்பனுக்கு ஆள் போனது. கொளஞ்சியம்மாளின் கூடப் பிறந்த தம்பி. ஒரே வயிற்றில் பிறந்தவனுக்குமா மறந்திருக்கும் என்று எல்லோரும் அவர் வாயையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். அவர் கண்ணை மூடி வெகுநேரம் யோசித்து, "அக்காவுக்கு வட்ட மூஞ்சி" என்றார். ராஜமாணிக்கத்துக்குக் கோபம் வந்துவிட்டது. "யோவ், நீள மூஞ்சிய்யா. கட்டுனவன் நானு, எனக்குத் தெரியாதா?" "அப்ப நீங்களே சொல்லுங்க மச்சான், கண்ணு எப்படி இருக்கும்?" ராஜமாணிக்கம் மறுபடியும் பேப்பரை எடுத்து நேரே பிடித்துக்கொண்டார். அக்காள் தம்பிக்கு ஜாடை இருக்குமே என்று, கொளஞ்சியப்பனின் மீசையைக் கையால் மறைத்து, தலையில் துண்டைப் போட்டு, இப்படித் திரும்பு அப்படித் திரும்பு என்று பெண்கள் எல்லோரும் சுற்றி நின்று பார்த்தார்கள். எத்தனை பார்த்தாலும் அது ஆலையில் கரும்பு வண்டிக்குக் குரல் கொடுக்கிற ஆம்பளையின் முகமாகவே இருந்தது. டாக்டரிடம் போகலாமா என்றால், என்ன சீக்கு என்று சொல்லிப் போவது? அதையும் விட்டுவிட்டார்கள்.

போட்டோ என்றால் கொளஞ்சியம்மாளுக்கு ஆகாது என்றெல்லாம் இல்லை. கேமராவுக்கு முன்னால் நிற்க அவளுக்கு நேரம் வாய்த்ததில்லை, அவ்வளவுதான். எல்லோரையும் நிற்க வைக்கிற நேரத்தில் அவள் காப்பி கலந்துகொண்டிருப்பாள். மாசி மகத்துக்குத் தேவனாம்பட்டினம் கடலுக்குப் போனால், குடும்பமே தண்ணீரில் இறங்கிக் கும்மாளம் போடும், அவள் கரையில் செருப்புக்கும் துணிக்கும் காவல் இருப்பாள். ரேஷன் கார்டில் ராஜமாணிக்கத்தின் படம்தான். அடையாள அட்டைக்குப் படம் பிடிக்க வந்த அன்று தம்பி பெண்டாட்டியின் பிரசவத்துக்காகப் பெண்ணாடம் போயிருந்தாள். அவளுக்குத் தெரிந்த ஊர் இரண்டு, செம்மண்டலமும் பெண்ணாடமும். பகலெல்லாம் ஊர் ஊராக பஸ் அனுப்பிய மனுஷன், பெண்டாட்டியை ஒரு பஸ்ஸில் ஏற்றி எங்கேயும் கூட்டிப் போனதில்லை. சுனாமிக்கு முந்தின ஆவணியில் கயல்விழியின் கல்யாணத்தில் மட்டும் ஒரு தப்பு நடந்தது. ஆலத்தித் தட்டோடு மேடை ஓரமாக வந்தவளைப் பார்த்து போட்டோக்காரர், "அம்மா, இங்க பாருங்க" என்று கத்த, அவளும் ஏதோ கேட்கிறார் போலிருக்கிறது என்று நிமிர்ந்து நேராகப் பார்த்துவிட்டாள். அந்த ஒரு படம்தான். அது இருந்த ஆல்பம், அடுத்த வருடக் கார்த்திகை வெள்ளத்தில் அலமாரியின் கீழ்த்தட்டோடு ஊறி ஒரே கட்டியாகிவிட்டது. ஸ்டுடியோவிலும் இடுப்பளவு தண்ணீர், நெகட்டிவும் போயிற்று.

கயல்விழியின் கணவன் அன்புமணி சிதம்பரம் கீழ வீதிக்குப் பக்கத்தில் வீட்டின் முன்பக்கத்தையே பிரௌசிங் சென்டராக ஆக்கி வைத்திருந்தான். மஸ்கட்டில் இருக்கும் தன் அண்ணன் பார்ப்பதற்காகக் கல்யாணப் படங்களை ஸ்கேன் பண்ணி, இலவசமாக இடம் கொடுக்கும் ஒரு வெப்சைட்டில் அப்போதே ஏற்றிவிட்டு, இடம் அடைக்கிறது என்று மிஷினில் இருந்ததை அழித்திருந்தான். புதுப்பெண்ணாக வந்த நாளில் அம்மா ஞாபகம் வந்தால் கயல்விழி மத்தியான வேளையில், கூட்டம் இல்லாதபோது, மூலை மிஷினில் உட்கார்ந்து அந்தப் பக்கத்தைத் திறந்து பார்ப்பாள். இதெல்லாம் அன்புமணிக்கு ஞாபகம் வந்ததும் ஆளே மாறிவிட்டான். "அட, இதுக்கா இவ்ளோ அழுவற? வெப்சைட்ல இருக்கு கயலு. அது தண்ணியிலயும் நனையாது, ஒண்ணும் ஆவாது. ஆயுத பூஜை வேல தலைக்கு மேல கெடக்குது, முடியட்டும், பெரிய சைசுல பிரிண்ட் போட்டுத் தரேன்." கயல்விழி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அன்றே திறந்து பார்த்திருக்கலாம். யாருக்கும் தோன்றவில்லை.

அன்புமணிக்கு ஆயுத பூஜை என்றால் விளையாட்டு இல்லை. மௌசைக் கழற்றி உருண்டையை எடுத்து, உள்ளே சுற்றியிருக்கும் அழுக்கை நகத்தால் சுரண்டுவான். கீபோர்டைக் கவிழ்த்துத் தட்டினால் ஒரு வருடத்து மிக்சர் கொட்டும். வெளியே துடைத்தால் போதுமா, தொழில் செய்கிற ஆயுதம் உள்ளேயும் சுத்தமாக இருக்க வேண்டாமா என்று இந்தத் தடவை ஒவ்வொரு மிஷினிலும் உட்கார்ந்து, இரண்டு வருடமாகச் சேர்ந்த குப்பையை அழித்தான். இந்தக் குப்பைக்குக் கேச் என்று பெயர். பார்க்கிற படத்தையெல்லாம் பிரௌசர் தனக்கென்று ஒரு பிரதி எடுத்து உள்ளே போட்டு வைத்துக்கொள்ளும், அடுத்த தடவை கேட்டால் சீக்கிரம் காட்டுவதற்காக. அதை மொத்தமாக அழித்து, ரீசைக்கிள் பின்னையும் காலி பண்ணி, மிஷின்களை அணைத்து, சந்தனம் குங்குமம் வைத்து, பொரி கடலை படைத்து, வாசலில் பூசணிக்காய் உடைத்து, கற்பூரம் காட்டி, திருப்தியாகத் திரும்பினான். அப்போது மஸ்கட் அண்ணன் போன் பண்ணினார். பூஜை எல்லாம் ஆச்சாடா என்று கேட்டுவிட்டு, போகிற போக்கில் ஒன்று சொன்னார். அந்த வெப்சைட் கம்பெனி ஆடி மாதமே கடையை மூடிவிட்டதாம், படமெல்லாம் போச்சாம். மிச்சமிருந்த ஒரே பிரதி மூலை மிஷினின் கேச்சில்தான் இருந்தது, காலையில் தான் அழித்தது அதைத்தான் என்பது அன்புமணிக்கு அப்போதுதான் உறைத்தது. பொரித் தட்டோடு அப்படியே உட்கார்ந்துவிட்டான்.

கயல்விழி கத்தவில்லை. கத்தியிருந்தால் தேவலை. அவள் பேச்சை நிறுத்திவிட்டாள். வடக்கு வீதியில் கம்ப்யூட்டர் சர்வீஸ் செய்யும் ஞானசம்பந்தன் தகவல் தெரிந்து வேட்டியோடு ஓடி வந்தார். வாய் ஓயாத மனுஷன், அன்று வாசலிலிருந்தே ஆரம்பித்தார். "மிஷின ஆன் பண்ணிட்டியா? பண்ணலயே? தொடாத. கையே வெக்காத." அழிப்பது என்றால் கம்ப்யூட்டர் நிஜமாக அழிப்பதில்லை, வாசலில் மாட்டிய பெயர்ப்பலகையை மட்டும் கழற்றுகிறது, ஆள் உள்ளேயேதான் இருப்பார், வேறு யாராவது அந்த அறைக்குக் குடிவந்தால்தான் காலி பண்ணுவார் என்று விளக்கினார். வேறு நாளாக இருந்தால் அன்புமணி மிஷினைப் போட்டிருப்பான், பத்துப் பேர் வந்து பத்துப் பக்கம் பார்த்திருப்பார்கள், எல்லா அறையிலும் புது ஆள் குடிவந்திருக்கும். பூஜையில் வைத்ததை விஜயதசமி வரைக்கும் தொடக்கூடாது என்பதால் யாரும் தொடவில்லை. அழிக்க வைத்ததும் பூஜைதான், காப்பாற்றியதும் பூஜைதான் என்று கயல்விழிக்குத் தோன்றியது. ஆனால் புருஷனிடம் சொல்லவில்லை.

விஜயதசமி அன்று நல்ல நேரம் பார்த்து, சந்தனப் பொட்டோடு மூலை மிஷினின் ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி, வேறொரு மிஷினில் மாட்டி, ஞானசம்பந்தன் தேடுகிற சாஃப்ட்வேரை ஓட்டினார். படங்கள் வர ஆரம்பித்தன. பெயர் போய்விட்டதால் வெறும் நம்பர்களோடு, ஆயிரக்கணக்கில் வந்தன. நடிகைகள், முருகன், பிளஸ் டூ ரிசல்ட் பார்த்தவர்கள் பார்த்த காலேஜ் கட்டடங்கள், மோட்டார் சைக்கிளில் சாய்ந்து நிற்கும் மாப்பிள்ளைகள், கிரிக்கெட் மைதானம், விமான நிலையம், பனிமலை. இரண்டு வருடமாகச் சிதம்பரத்து ஜனம் எதையெல்லாம் பார்த்து ஆசைப்பட்டதோ அத்தனையும். சாயங்காலம் கல்யாணப் படங்கள் வந்தன. தாலி கட்டுவது, அம்மி மிதிப்பது, பந்தி. ஆலத்திப் படமும் முழுசாக வந்தது, ஒரு கீறல் இல்லை. மேடை இருந்தது, மாலையும் கழுத்துமாகக் கயல்விழி இருந்தாள், ஓரத்தில் வாழைமரம் கட்டிய தூண் இருந்தது. தூணுக்கு முன்னால் யாரும் இல்லை. ஆலத்தித் தட்டு மட்டும் கீழே, யாரும் தட்டிவிட்டுவிடாதபடி ஓரமாக, பத்திரமாக வைக்கப்பட்டிருந்தது. கயல்விழி திரையைத் தொட்டுப் பார்த்தாள். தூண்தான்.

மறுநாள் அன்புமணிதான் கண்டுபிடித்தான். பெண்டாட்டி பேசாத ஏக்கத்தில் ஒவ்வொரு படமாகத் திறந்து பார்த்துக்கொண்டிருந்தவன், பனிமலைப் படத்தில் நின்றான். யாரோ ஒரு காலேஜ் பையன் எப்போதோ திறந்து பார்த்த வெளிநாட்டு மலை. அதன் அடிவாரத்தில், ரோட்டோரமாக, அரக்குப் பட்டுப்புடவை கட்டின ஒரு பெண்பிள்ளை முதுகைக் காட்டி நடந்துகொண்டிருந்தாள். கையில் பச்சையும் மஞ்சளுமாக வயர் கூடை. "கயலு," என்று அவன் கூப்பிட்ட குரலில் அவள் கோபத்தை மறந்து ஓடி வந்தாள். "அத்தையாட்டம் இருக்குது பாரு." கொசுவத்தைத் தூக்கிச் செருகியிருந்த விதம் ஒன்று போதும். அம்மாதான். கயல்விழிக்கு முதலில் சந்தோஷம், அடுத்த நொடி அழுகை, அதற்கு அடுத்து ஆத்திரம். "என் கல்யாணத்துல நிக்காம எங்கம்மா போற நீ?" என்று திரையைப் பார்த்தே கேட்டுவிட்டாள். புருஷனோடு மறுபடியும் பேச ஆரம்பித்தது அன்றுதான்.

அதற்குப் பிறகு பனிமலையில் அவள் இல்லை. விமான நிலையத்தில், பளபளக்கிற தரையில் வழுக்கிவிடுமோ என்று ஓரமாகக் கால் ஊன்றி நடந்துகொண்டிருந்தாள். ஒரு வாரம் கழித்து மோட்டார் சைக்கிள் மாப்பிள்ளைக்குப் பின்னால் இருந்த பூங்காவில், பெஞ்சில் உட்கார்ந்து காலை நீட்டியிருந்தாள். கிரிக்கெட் மைதானத்துக் கூட்டத்தில் பந்தைப் பார்க்காமல் எதிர்ப்பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு சினிமாப் படத்தில் ஆட்டக்காரிகளுக்குப் பின்னால் துலிப் வயலில் வரப்பு எங்கே என்று தேடிக்கொண்டிருந்தாள். இரண்டு ஊர் மட்டும் தெரிந்தவள், சிதம்பரத்துப் பிள்ளைகள் திறந்து பார்த்துவிட்டுப் போன உலகத்தையெல்லாம் ஒன்று விடாமல் நடந்து பார்த்தாள். எந்தப் படத்திலும் முகத்தைக் காட்டவில்லை. ராஜமாணிக்கம் ஞாயிற்றுக்கிழமை தோறும் கடலூரிலிருந்து பஸ் ஏறி வந்து மூலை மிஷினுக்கு முன்னால் உட்காருவார். "இன்னிக்கி எங்க இருக்கா?" என்பார். காட்டினால் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, பெண்டாட்டியின் முதுகைப் பார்த்துக்கொண்டே காப்பி குடிப்பார். சென்டருக்கு வருகிறவர்களுக்கும் பழகிவிட்டது. மெயில் பார்க்க வந்த யாராவது, "அண்ணே, அத்தை தாஜ்மகால் பக்கம் நிக்கிறாங்க" என்று குரல் கொடுப்பார்கள். 2008ல் கயல்விழிக்குப் பையன் பிறந்தான். பிரசவ வலியில் அம்மா அம்மா என்று கத்தினாளே தவிர, கூப்பிடுகிற அம்மாவுக்கு முகம் இல்லாதது அவளுக்கு வலியைவிடக் கொடுமையாக இருந்தது. பையனை மடியில் போட்டுக்கொண்டு, இவனுக்கு ஆயாவை எப்படிக் காட்டுவது என்று புலம்பினாள். படையலுக்கு வருடா வருடம் வெறும் சுவரைப் பார்த்துத்தான் இலை போட்டார்கள்.

2009 பங்குனியில் அந்த ஹார்ட் டிஸ்க் டக் டக் என்று சத்தம் போட ஆரம்பித்தது. ஞானசம்பந்தன் காதை வைத்துக் கேட்டுவிட்டு உதட்டைப் பிதுக்கினார். ரொம்ப நாள் தாங்காது என்றார். காப்பி எடுக்கலாமே என்றால், அதெல்லாம் அவர் முன்பே எடுத்துப் பார்த்தாயிற்று, சிடியில் மலை வந்தது, மைதானம் வந்தது, கொளஞ்சியம்மாள் வரவில்லை. வழி ஒன்றுதான் இருந்தது. "மத்த படத்தையெல்லாம் ஒண்ணொண்ணா அழிச்சிகிட்டே வாம்மா. நிக்க வேற எடம் இல்லன்னா ஒன் கல்யாணப் படத்துக்குத் திரும்பி வந்துதான ஆவணும்? அதுல அவுங்க நேரா பாக்குறாங்க. வந்த ஒடனே பிரிண்ட் போட்ரு. அப்பறம் டிஸ்க்கு போனா போவட்டும்." கேட்க நியாயமாகத்தான் இருந்தது. அன்புமணி தலையாட்டினான். ஏற்கெனவே ஒரு தடவை அழித்துப் பட்டவன் என்பதால் கீபோர்டைத் தொடமாட்டேன் என்றுவிட்டான். கயல்விழியே உட்கார்ந்தாள்.

வெயில் சுட்டெரித்த ஒரு மத்தியானம். சென்டரில் வேறு யாரும் இல்லை. கயல்விழி நடிகைகளை அழித்தாள், காலேஜ்களை அழித்தாள், மைதானத்தை அழித்தாள். விமான நிலையம் போயிற்று. பனிமலை போயிற்று. ஒவ்வொன்று போகப் போக கொளஞ்சியம்மாள் அடுத்ததற்கு நகர்ந்தாள். முதலில் மெதுவாக நடந்தவள், பிறகு கூடையை இடுப்பில் இடுக்கிக்கொண்டு, கடைசி பஸ்ஸைப் பிடிக்கிறவளாக ஓட்டமும் நடையுமாக வந்தாள். இப்போது முதுகு தெரியவில்லை, இந்தப் பக்கம் பார்த்துத்தான் வந்தாள். ஆனால் தலை குனிந்திருந்தது, முந்தானையை நெற்றி வரைக்கும் இழுத்து விட்டிருந்தாள். வேலையைப் போட்டுவிட்டு எங்கேயோ போய்விட்டோம், என்ன சொல்வார்களோ என்று வருகிறவள் அப்படித்தான் வருவாள். அம்மா முகம் வேண்டும் வேண்டும் என்று மூன்று வருடமாகத் தவித்தவள் ஆயிற்றே, கயல்விழி நிறுத்தாமல் அழித்துக்கொண்டே வந்தாள். கடைசியில் கல்யாணப் படமும் ஒரு கடற்கரைப் படமும் மட்டும் மிஞ்சின.

கடற்கரைப் படம் எந்த ஊரோ. தண்ணீர் அத்தனை நீலம். கொளஞ்சியம்மாள் கரையோரமாக மணலில் உட்கார்ந்திருந்தாள். இனி ஓட முடியாது என்று உட்கார்ந்தாளோ, கடலைப் பார்த்ததும் உட்கார்ந்தாளோ தெரியாது. செருப்பைக் கழற்றிக் கூடைக்குப் பக்கத்தில் விட்டிருந்தாள். புடவையைக் கணுக்கால் வரைக்கும் தூக்கி, இரண்டு காலையும் தண்ணீரில் நீட்டியிருந்தாள். பக்கத்தில் வேறு யாருடைய செருப்பும் இல்லை, துணி மூட்டையும் இல்லை. முகம் கடலைப் பார்த்திருந்தது. கீயில் ஒரே ஒரு தட்டு, அவ்வளவுதான், அம்மா எழுந்து வந்து தூணுக்கு முன்னால் நின்று நிமிர்ந்து பார்த்துவிடுவாள். ஆலத்தித் தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு. கயல்விழி விரலை வைத்தபடி வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். பிறகு விரலை எடுத்துவிட்டு, ஓவென்று அழுதாள். சத்தம் கேட்டு உள்ளேயிருந்து ஓடி வந்த அன்புமணி, என்ன ஆச்சு, போயிடிச்சா என்று பதறினான். "இல்லங்க. கால நனைச்சிகிட்டு உக்காந்திருக்குது. என்னால எழுப்ப முடியாது." திரையைப் பார்த்து, "நீ இரும்மா. நெதானமா பாத்துட்டு வா. மூஞ்சி இல்லன்னா பரவால்ல" என்றாள்.

அழித்ததற்கு ஈடு செய்ய வேண்டுமே என்று அன்றைக்கே அந்த மிஷினில் நெட்டைப் போட்டு, குற்றாலம், காசி, மூணாறு என்று தனக்குத் தெரிந்த இடங்களையெல்லாம் திறந்து திறந்து பார்த்தாள். டிஸ்க்கில் புது ஆள் குடிவந்தால் பழைய ஆள் போய்விடுவார் என்று ஞானசம்பந்தன் தலையில் அடித்துக்கொண்டார். கொளஞ்சியம்மாள் போகவில்லை. மூன்றாம் நாள் குற்றாலத்தில், அருவிச் சாரலுக்குக் கூடையைக் குடையாகப் பிடித்துக்கொண்டு நின்றாள். டக் டக் சத்தம் தானாகவே நின்றுவிட்டது. அது ஏன் நின்றது என்று ஞானசம்பந்தன் இன்றுவரைக்கும் மூன்று விதமாகக் காரணம் சொல்லுவார். அப்போதிலிருந்து சென்டரில் ஒரு பழக்கம் வந்தது. மூலை மிஷினில் உட்காருகிறவர்கள் முதலில் ஒரு நல்ல இடத்தைத் திறந்து பார்த்துவிட்டுத்தான் தங்கள் வேலையைப் பார்க்க வேண்டும். யூனிவர்சிட்டிப் பிள்ளைகள் நயாகராவையும் எகிப்தையும் திறந்தார்கள். குமராட்சியிலிருந்து மினிபஸ் ஏறிப் பட்டா விவரம் பார்க்க வந்த விவசாயிகள் திருப்பதியைத் திறந்தார்கள். ராஜமாணிக்கம் வாரா வாரம் ஒரு திட்டத்தோடு வந்தார். குற்றாலத்திலிருந்து நேரே கன்னியாகுமரி போட்டால் அலைச்சல் ஜாஸ்தி, நடுவில் திருச்செந்தூரைத் திறந்து வை என்பார். ரூட் போடுவதில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது. முகத்தைப் பற்றி வீட்டில் யாரும் பேசுவதை விட்டுவிட்டார்கள். கயல்விழி மட்டும் சில நாள் தலை வாரிக்கொள்ளும்போது, கண்ணாடியில் தன் முகத்தை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்ப்பாள்.

2011 முடிகிற சமயத்தில் 'தானே' என்று பெயர் வைத்த புயல் வந்தது. கடலூரில் மரம் என்று ஒன்று நிமிர்ந்து நிற்கவில்லை. பலாவும் முந்திரியும் வேரோடு சாய்ந்தன, கரண்ட் கம்பங்கள் மடங்கின, செல்போன் ஊமையானது. செம்மண்டலத்தில் அப்பா என்ன ஆனாரோ என்று கயல்விழி வாசலுக்கும் உள்ளுக்குமாக நடந்தாள். அன்புமணி பைக்கில், விழுந்த மரங்களைச் சுற்றிச் சுற்றிப் போய், ஓடு பறந்த வீட்டில் ஈரத் துண்டோடு உட்கார்ந்திருந்த ராஜமாணிக்கத்தைப் பின்னால் உட்கார வைத்துக் கூட்டி வந்தான். சிதம்பரத்திலும் கரண்ட் இல்லை. மிஷின்கள் இருட்டில் கிடந்தன. "அவ எங்க இருந்தாளோ, எப்படி இருக்காளோ," என்று கிழவர் அந்த அணைந்த திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

கரண்ட் வந்தபோது மத்தியானச் சாப்பாட்டு நேரம். ஃபேன் சுற்றியது, பையன் கைதட்டினான். மூலை மிஷின் தானாக உயிர் பெற்று, யாரும் திறக்காமலே கல்யாணப் படத்தைக் காட்டியது. தூணுக்கு முன்னால் கொளஞ்சியம்மாள் நின்றுகொண்டிருந்தாள். தலைமயிர் கலைந்து, பட்டுப்புடவை நனைந்து, ஒரு காலில் செருப்பு இல்லாமல், மூச்சு வாங்க ஓடி வந்த கோலத்தில் நின்றாள். நேராக இந்தப் பக்கம் பார்த்தாள். அகலமான நெற்றி, இடது புருவத்துக்கு மேலே அம்மைத் தழும்பு, எப்போதும் ஏதோ கேட்க வருவதுபோல லேசாகத் திறந்த வாய். இதுதானே, இதுதானே என்றாள் கயல்விழி. அந்தப் பார்வையும் அவளுக்குத் தெரிந்தது. பந்தியிலும் கடற்கரையிலும் எல்லோரும் இருக்கிறார்களா என்று அம்மா ஒவ்வொரு தலையாகப் பார்க்கிற பார்வை. கயல்விழி பையனைத் தூக்கி இடுப்பில் வைத்துத் திரைக்கு நேரே நின்றாள். "எல்லாரும் நல்லாத்தாம்மா இருக்கோம். அப்பா இதோ இருக்குது பாரு. இவன் ஒம் பேரன்." ராஜமாணிக்கம் சோற்றுக் கையோடு எழுந்து வந்து நின்றார். "எனக்கு ஒண்ணும் இல்லடி. ஓடுதான் போச்சி," என்றார். அதே நேரத்தில் பெண்ணாடத்தில் ஆலை கேன்டீனில் டீ குடித்துக்கொண்டிருந்த கொளஞ்சியப்பனுக்கு அக்காள் முகம் நினைவுக்கு வந்து, கிளாஸைக் கீழே வைத்துவிட்டுத் தேம்பி அழுததாகப் பிறகு சொன்னார்கள்.

அன்புமணி உடனே ஒரு பிரிண்ட் போட்டான். மறுநாள் காலையில் படத்தில் தூண் மட்டும் இருந்தது. கொளஞ்சியம்மாள் ஜப்பானில், பூத்துக் கொட்டுகிற மரங்களுக்கு அடியில், யாரோ கொடுத்தது போலிருக்கிறது, புதுச் செருப்பு போட்டுக்கொண்டு நடந்துகொண்டிருந்தாள். பிரிண்ட் அப்படியே இருந்தது, எதுவும் மறையவில்லை. ஓடு மாற்றி வெள்ளையடித்த பிறகு, அதைப் பிரேம் போட்டுச் செம்மண்டலத்து வீட்டுக் கூடத்தில் மாட்டினார்கள். பிரேம் கடைக்காரர் சந்தன மாலை ஒன்றும், உள்ளே எரிகிற சின்ன சிவப்பு பல்பு ஒன்றும் கொண்டு வந்திருந்தார். ராஜமாணிக்கம் இரண்டையும் திருப்பிக் கொடுத்துவிட்டார். பக்கத்து வீட்டு அமராவதி கொடியில் காய்ந்த துணியை எடுத்துக்கொடுக்க வந்தவள், படத்தைப் பார்த்துவிட்டு, "என்னாங்க மாமா, அக்கா படத்துக்கு ஒரு மால போடாம, பொட்டு கூட வெக்காம மாட்டி வெச்சிருக்கீங்க?" என்று கேட்டாள்.

"ஊருக்குப் போயிருக்கறவளுக்கு எதுக்கும்மா மால?" என்றார் ராஜமாணிக்கம்.

அமராவதி படத்தை இன்னொரு தடவை பார்த்தாள். "எப்ப வருவாங்க?"

"பொயல் கியல் வந்தா வருவா."

"வந்தா சொல்லுங்க, பாத்து ரொம்ப நாளாச்சி," என்று சொல்லி, துணியைக் கட்டில்மேல் வைத்துவிட்டு அமராவதி போனாள்.